ஹோண்டா ஒரு படத்து இயக்குநர் அல்ல

2024 மார்ச்சில் ‘காட்ஸில்லா மைனஸ் ஒன்’ ஆஸ்கர் வாங்கியபோது வந்த பாராட்டுகளில் ஒரு கருத்து திரும்பத் திரும்பக் காதில் விழுந்தது. எழுபது ஆண்டுகள் கழித்துக் காட்ஸில்லா தன் பழைய கௌரவத்தை மீட்டுக்கொண்டது என்றார்கள். 2016இல் ‘ஷின் காட்ஸில்லா’ வந்தபோதும் இதையேதான் சொன்னார்கள். இந்தப் பாராட்டுக்குள் ஒரு தீர்ப்பு ஒளிந்திருக்கிறது. 1954இல் இஷிரோ ஹோண்டா எடுத்த முதல் படம் ஒன்றுதான் தேறும். அதன்பின் இருபது ஆண்டுகள் அவர் எடுத்ததெல்லாம் ரப்பர் உடை மாட்டிய ஆட்கள் பொம்மை வீடுகளை மிதிக்கும் பிள்ளை விளையாட்டு என்பதுதான் அந்தத் தீர்ப்பு.

இதை ஒட்டியே வேறு சில பேச்சுகளும் உலவுகின்றன. அந்த முதல் படத்தின் உண்மையான கர்த்தா ஹோண்டா அல்ல, தந்திரக் காட்சிகளை அமைத்த எய்ஜி சுபுராயாதான் என்பார்கள். ஹோண்டா நல்ல மனிதர், சொன்னதைச் செய்யும் ஸ்டூடியோ ஊழியர், கடைசியில் குரோசவாவிடம் உதவியாளராகப் போய்ச் சேர்ந்தவர் என்று முடித்துவிடுவார்கள். ஜப்பானிய சினிமா என்றால் நாமும் குரோசவா, ஓசு, மிசோகுச்சி என்று மூன்று பெயர்களைச் சொல்லி நிறுத்திக்கொள்கிறவர்கள்தானே. ஹோண்டாவைப் பற்றி யாராவது இப்படிச் சொன்னால் மறுத்துப் பேச நம்மிடமும் ஆள் இல்லை.

நான் மறுக்கிறேன். 1951 முதல் 1975 வரை நாற்பதுக்கும் மேற்பட்ட படங்களை இயக்கியவர் ஹோண்டா. ஓர் அழிவு வந்து நிற்கும்போது சாதாரண மனிதர்களும் அவர்களை ஆளும் அமைப்புகளும் எப்படி நடந்துகொள்கிறார்கள், அழிக்கும் அறிவைக் கையில் வைத்திருப்பவன் அதை என்ன செய்கிறான் என்ற கேள்விகளை அவர் முதல் படத்தோடு விட்டுவிடவில்லை. கடைசிப் படம் வரை கேட்டுக்கொண்டே இருந்தார். அந்தக் கேள்விகள் மனிதர்கள் வரும் காட்சிகளில் இருக்கின்றன. மிருகம் எப்போது வரும் என்று அந்தக் காட்சிகளை ஓட்டிவிடுகிறவர்கள்தான் அவருக்குத் தீர்ப்பு எழுதுகிறார்கள்.

சுபுராயாவின் பங்கை முதலில் பார்த்துவிடுவோம். அவர் மேதை, அதில் சந்தேகம் கிடையாது. மினியேச்சர் நகரங்களைக் கட்டி எரித்ததும், ஹருவோ நகஜிமாவை அந்தக் கனத்த உடைக்குள் நடக்கவைத்ததும் அவருடைய குழு. தோஹோ நிறுவனத்தில் இத்தகைய படங்களுக்கு இரண்டு படப்பிடிப்புக் குழுக்கள் இருந்தன. மனிதர்கள் வரும் பகுதி ஹோண்டாவுடையது, தந்திரக் காட்சிகள் சுபுராயாவுடையவை. படத்தின் உயிர் சுபுராயாவின் பக்கம்தான் இருந்தது என்கிறவர்களுக்கு ஒரு சோதனை தயாராகவே இருக்கிறது. 1954 நவம்பர் 3 அன்று ‘காட்ஸில்லா’ வெளியாகி ஆறு மாதம் ஆவதற்குள், 1955 ஏப்ரலில், அதன் இரண்டாம் பாகம் வந்தது. அதே நிறுவனம், அதே தயாரிப்பாளர் தொமொயுகி தனகா, அதே சுபுராயா, உடைக்குள் அதே நகஜிமா. முதல் படத்தின் விஞ்ஞானியாக தகாஷி ஷிமுராகூட ஒரு காட்சியில் வந்துபோகிறார். ஹோண்டாவும் இசையமைப்பாளர் அகிரா இஃபுகுபேயும் மட்டும் இல்லை. மொதொயோஷி ஓதா இயக்கினார். ஒசாகா நகரம் நொறுங்குகிறது, இரண்டு மிருகங்கள் மோதுகின்றன. அந்தப் படத்திலிருந்து ஒரு மனித முகத்தை நினைவிலிருந்து சொல்லுங்கள் என்றால் ரசிகர்களே தடுமாறுவார்கள்.

முதல் படத்தில் நம் நெஞ்சில் தைப்பவை எவை என்று பாருங்கள். கப்பல் மூழ்கிய செய்தி கேட்டுக் கம்பெனி அலுவலகத்தில் முண்டியடித்து நிற்கும் மாலுமிகளின் குடும்பங்கள். நகரம் எரிகையில் கட்டடத்தின் அடியில் குழந்தைகளைக் கட்டிக்கொண்டு, சீக்கிரமே அப்பாவிடம் போய்விடலாம் என்று ஆறுதல் சொல்லும் தாய். அந்த அப்பா போரில் செத்தவர் என்பதை 1954இல் யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை. ரயிலில் போகும் ஓர் இளம்பெண், நாகசாகியில் தப்பிப் பிழைத்த உயிர் இது என்று அலுப்போடு பேசிக்கொள்வாள். மறுநாள் ஆஸ்பத்திரியில் வராந்தா முழுக்கக் காயம்பட்டவர்கள் கிடக்கிறார்கள், ஒரு குழந்தையின் அருகே கதிர்வீச்சு அளக்கும் கருவி கொண்டுபோகப்படுகிறது, கருவி சத்தமிடுகிறது, விஞ்ஞானி வாய் திறக்காமல் தலையை மட்டும் அசைக்கிறார். இவற்றில் எதிலும் மிருகம் இல்லை. இவையெல்லாம் ஹோண்டா குழுவின் படப்பிடிப்பு.

திரைக்கதையிலும் அவர் கை இருக்கிறது. ஷிகெரு கயாமா எழுதிக் கொடுத்த மூலக் கதையில் யமனே என்ற விஞ்ஞானி இருண்ட வீட்டில் வாழும் மர்ம ஆசாமி; காட்ஸில்லாவோ ஏறக்குறைய இரை தேடிக் கரையேறும் விலங்கு. ஹோண்டாவும் தகெயோ முராதாவும் சேர்ந்து அதைத் திருத்தி எழுதினார்கள். யமனே ஷிமுராவின் தளர்ந்த, கனிந்த முகமுடைய அப்பாவானார். மிருகம் ஹைட்ரஜன் குண்டுச் சோதனையின் காயத்தைச் சுமந்து வருவதானது. அந்த ஆண்டு மார்ச் 1 அன்று பிகினித் தீவில் அமெரிக்கா நடத்திய சோதனையின் சாம்பல் ‘ஐந்தாம் எண் அதிர்ஷ்ட டிராகன்’ என்ற மீன்பிடிப் படகில் இருந்த 23 பேர் மீது விழுந்தது. செப்டம்பரில் அவர்களில் ஒருவர் இறந்தார். படம் தொடங்குவது கடலில் போகும் ஒரு கப்பலில். மேல்தளத்தில் மாலுமிகள் மவுத் ஆர்கன் வாசித்துக்கொண்டிருக்கிறார்கள். திடீரென்று கடல் பளீரென்று வெளுக்கிறது. எந்த ஜப்பானியருக்கும் அது எதைச் சொல்கிறது என்று புரிந்திருக்கும்.

காட்ஸில்லா முதலில் தலைகாட்டும் ஓதோ தீவுக் காட்சிகளைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். அவை எடுக்கப்பட்ட இடம் மியே மாகாணத்துத் தோபா பகுதிக் கடற்கரை. ஹோண்டாவுக்கு அது பழகிய மண். 1949இல் இசே-ஷிமா பகுதியைப் பற்றி ஆவணப்படம் எடுத்தவர் அவர். 1951இல் வந்த அவருடைய முதல் கதைப்படம் ‘நீல முத்து’ அங்கே கடலில் மூழ்கி முத்தும் சங்கும் எடுக்கும் பெண்களின் வாழ்க்கை. கேமராவைக் கடலுக்கடியில் கொண்டுபோன படம். அதனால்தான் ஓதோ தீவின் மீனவர்கள் செட்டில் நிறுத்திவைத்த துணை நடிகர்களைப் போல இருப்பதில்லை. முகமூடி அணிந்து ஆடும் கோயில் சடங்கு, மீன் கிடைக்காத நாளின் முணுமுணுப்பு, பழங்கதையை நம்பும் கிழவனை இளசுகள் கேலி செய்வது எல்லாம் ஓர் ஆவணப்படக்காரன் பார்த்துவைத்தவை. அந்த ஊரை நம்பிவிட்டதால்தான் குன்றுக்கு மேல் எழும் தலையையும் நம்புகிறோம்.

சரி, முதல் படம் ஹோண்டாவுடையதுதான், ஆனால் அதன்பின் என்ன செய்தார் என்று கேட்பார்கள். ‘ரோடான்’ பார்த்திருக்கிறீர்களா என்று நான் திருப்பிக் கேட்பேன். 1956 டிசம்பரில் வந்த படம். பெயர் ராட்சதப் பறவையுடையது, ஆனால் ஏறக்குறைய முதல் அரைமணி நேரம் கியூஷு தீவின் ஒரு நிலக்கரிச் சுரங்க ஊரில் நடக்கிறது. சுரங்கத்தில் வெள்ளம் புகுகிறது. வெட்டுக்காயங்களோடு ஒரு பிணம் கிடைக்கிறது. கூடவே காணாமல் போன தொழிலாளி கோரோ மீது ஊரே பழி போடுகிறது, ஏனென்றால் செத்தவனுக்கும் அவனுக்கும் காலையில்தான் கைகலப்பு நடந்தது. கோரோவின் தங்கையை இறந்தவனின் மனைவி ஏசுகிறாள். அந்தத் தங்கை ஒரு கொலைகாரனின் தங்கையாக ஊர் நடுவே வாழ வேண்டியிருக்கிறது. சுரங்கத்திலிருந்த ராட்சதப் பூச்சிதான் கொன்றது என்று தெரியவரும்வரை இது ஒரு தொழிலாளர் குடியிருப்பின் கதை; சந்தேகம் வந்தால் ஏழைகள் ஒருவரையொருவர் எப்படிக் கடித்துக்கொள்வார்கள் என்பதை அனுதாபத்தோடு காட்டும் கதை. கடைசியில் எரிமலையில் இரண்டு பறவைகள் எரிந்து விழுவதைப் பார்த்து நிற்பவர்கள் யாரும் கைதட்டுவதில்லை. ஹோண்டா படங்களில் வெற்றி பெரும்பாலும் துக்கமாகவே முடியும்.

1960இல் வந்த ‘வாயு மனிதன்’ இன்னொரு சான்று. ஒரு விஞ்ஞானியின் பரிசோதனைக்குப் பலியாகித் தன் உடலையே ஆவியாக்கிக்கொள்ளும் சக்தி பெற்ற நூலக ஊழியன் மிசுனோ. அவன் வங்கிகளைக் கொள்ளையடிக்கிறான், கொலை செய்கிறான். பணம் எதற்கு? நசிந்துபோன மரபு நடனக் குடும்பத்தில் வந்த ஃபுஜிசியோ ஒரு முறை மேடையேற வேண்டும், அதற்கு. அரங்கேற்ற நாளில் அவள் ஆடும்போது அரங்கம் காலி. அவனுக்காக மட்டும் அவள் முழு நடனத்தையும் ஆடி முடிக்கிறாள். அரங்கில் எரிவாயுவை நிரப்பி அவனை அழிக்கப் போலீஸ் வகுத்த திட்டம் தோற்கிறது. அவனைத் தழுவிக்கொண்டு அவளே லைட்டரைத் தட்டுகிறாள். இதைப் பிள்ளை விளையாட்டு என்று சொல்ல எந்த வாய் வரும்? தந்திரக் காட்சி இதில் ஒரு மனிதன் புகையாவது மட்டுமே. மீதி முழுக்க மெலிதாக நடுங்கும் காவோரு யாசிகுசாவின் முகம்.

என்னைக் கேட்டால் ஹோண்டாவின் ஆகச் சிறந்த படம் 1963இல் வந்த ‘மதாங்கோ’. வில்லியம் ஹோப் ஹாட்ஜ்சன் எழுதிய ஒரு கடல் சிறுகதையிலிருந்து எடுத்தது. உல்லாசப் படகில் ஏழு பேர் புறப்படுகிறார்கள்: பணக்கார முதலாளி, பாடகி, எழுத்தாளர், பேராசிரியர், அவருடைய மாணவி, படகோட்டி, கூலிக்கு வந்த மாலுமி. புயலில் சிக்கி ஆளில்லாத தீவில் ஒதுங்குகிறார்கள். கரையில் பூஞ்சை படர்ந்த ஆராய்ச்சிக் கப்பல் ஒன்று கிடக்கிறது. உள்ளே ஒரு கண்ணாடிகூட இல்லை. யாரோ அத்தனையையும் அகற்றியிருக்கிறார்கள். தீவில் காளான் மட்டும் ஏராளமாக விளைகிறது, ஆனால் தின்னக் கூடாது என்ற எச்சரிக்கை கப்பலிலேயே இருக்கிறது. பிறகு பசி வேலையைத் தொடங்குகிறது. மாலுமிக்கு ஆமை முட்டை கிடைக்கிறது. அதை அவன் முதலாளிக்கு விலைக்கு விற்கிறான். திரும்பிப் போவோமா என்று தெரியாத தீவில் நோட்டுகள் கைமாறும் அந்தக் காட்சியை ஹோண்டா எந்த அழுத்தமும் கொடுக்காமல், சாதாரணக் கடை வியாபாரம்போல எடுத்திருக்கிறார். பாடகி மாமி காளானைத் தின்றபின் முன்னைவிட அழகாகிறாள். குமி மிசுனோவின் அந்தச் சிரிப்பு எந்த மிருகத்தைவிடவும் பயமுறுத்துவது. தப்பித்துவரும் பேராசிரியர் டோக்கியோ ஆஸ்பத்திரியில் கம்பிகளுக்குப் பின்னால், ஜன்னலில் ஒளிரும் நியான் விளக்குகளைப் பார்த்தபடி, தீவிலேயே இருந்திருக்கலாம், இந்த ஊரிலும் மனிதர்கள் மனிதர்களாக இல்லை என்கிறார். ஒலிம்பிக்கிற்காக டோக்கியோ தன்னை இடித்துக் கட்டிக்கொண்டிருந்த நேரத்தில், வளர்ச்சி வளர்ச்சி என்று நாடே மயங்கிக் கிடந்த நேரத்தில், ஒரு வணிக நிறுவனத்தின் கோடைக்கால வெளியீடாக இந்தப் படம் வந்தது. இதில் எந்த நகரமும் நொறுங்கவில்லை.

இத்தனையும் இருந்தும் ஹோண்டாவுக்கு ஏன் இந்தப் பெயர்? அவர் படங்களை உலகம் பார்த்த விதத்தில் காரணம் இருக்கிறது. ‘காட்ஸில்லா’ 96 நிமிடப் படம். 1956இல் அமெரிக்கப் பதிப்பு 80 நிமிடமானது. அதற்குள்ளும் ரேமண்ட் பர் என்ற நடிகரை நிருபராக நடிக்கவைத்துப் புதிதாக எடுத்த காட்சிகளைச் செருகினார்கள். நாகசாகியைக் குறிப்பிடும் ரயில் பேச்சு போனது. உண்மையை மக்களுக்குச் சொல்வதா, வெளியுறவு கெட்டுவிடுமென்று மறைப்பதா என்று நாடாளுமன்றத்தில் பெண் உறுப்பினர்கள் எழுந்து கத்தும் சச்சரவு போனது. ‘கிங் காங் எதிர் காட்ஸில்லா’ 1962இல் ஜப்பானில் ஒரு கோடிக்கும் மேல் டிக்கெட் விற்ற படம். மருந்துக் கம்பெனி ஒன்று தன் டிவி நிகழ்ச்சிக்குப் பார்வையாளர் போதவில்லை என்று ராட்சதக் குரங்கைப் பிடித்துவரத் துடிப்பதை வைத்து விளம்பர உலகத்தைச் சாடிய படம். அமெரிக்கப் பதிப்பில் அந்தச் சாடல் மங்கி, செய்தி வாசிக்கும் ஒருவர் நடுநடுவே வந்து விளக்கம் சொல்கிறார். இஃபுகுபேயின் இசையில் பெரும்பகுதியை எடுத்துவிட்டுப் பழைய படங்களின் இசைத் துண்டுகளை ஒட்டினார்கள். ‘மதாங்கோ’ அங்கே நேரே தொலைக்காட்சிக்குப் போனது, ‘காளான் மனிதர்களின் தாக்குதல்’ என்ற பெயரில். இந்த வெட்டுப் பிரதிகளைப் பார்த்துச் சிரித்துவிட்டுப் போனவர்களின் அபிப்பிராயம்தான் உலகத்தின் அபிப்பிராயமாக நிலைத்தது. மனிதர்களை வெட்டி எடுத்துவிட்டு, இதில் மிருகங்கள்தான் இருக்கின்றன என்று குறை சொன்னார்கள்.

இன்னொரு குற்றச்சாட்டு கனமானது, அதைத் தட்டிக்கழிக்க மாட்டேன். ஹோண்டாவின் படங்கள் ஜப்பானை என்றைக்கும் பலியானவனாகவே காட்டுகின்றன, ஆசியாவில் ஜப்பான் செய்த கொடுமைகளை மறைக்கின்றன என்கிறார்கள். ஹோண்டா மூன்று முறை ராணுவத்துக்கு அழைக்கப்பட்டுச் சீனாவில் இருந்தவர். போர் முடிந்தபின் அங்கே கைதியாக இருந்து, 1946இல் ஊர் திரும்பும் வழியில் ஹிரோஷிமாவைக் கண்டவர். ராணுவத்தினருக்காகப் பெண்களை அடைத்துவைத்த நிலையம் ஒன்றின் நிர்வாகப் பொறுப்பும் அவருக்குத் தரப்பட்டிருந்தது. 1966இல் அவரே அதைப் பற்றி ஒரு திரைப்பட இதழில் எழுதினார். எழுதிய துணிவை மதிக்கிறேன். ஆனால் அந்தச் சீனாவும் அந்தப் பெண்களும் அவருடைய எந்தப் படத்திலும் இல்லை. அது ஒரு குறை. அவருக்காக வாதாடும் நானும் அதைச் சொல்லியாக வேண்டும்.

ஆனால் பலியானவன் வேஷம் மட்டும்தான் போட்டார் என்பதை ஏற்க முடியாது. 1964இல் வந்த ‘மோத்ரா எதிர் காட்ஸில்லா’வைப் பாருங்கள். கரையொதுங்கிய ராட்சத முட்டையை ஒரு வியாபாரி மீனவர்களிடமிருந்து கோழி முட்டையின் மொத்த விலையைக் கொண்டு கணக்குப் போட்டு வாங்குகிறான். அதன் சொந்தக்காரர்களாகிய தீவு மக்களின் சார்பில் இரண்டு சின்னஞ்சிறு பெண்கள் வந்து முட்டையைத் திருப்பிக் கேட்கிறார்கள். அவர்களையும் விலை பேசுகிறார்கள். பிறகு காட்ஸில்லா வந்ததும், அதே தீவுக்குப் போய் உதவி கேட்கிறது டோக்கியோ. அணுகுண்டுச் சோதனையால் வெந்து எலும்புகள் சிதறிக் கிடக்கும் மண்ணில் நின்று, எங்களை அழித்தவர்களும் எங்கள் முட்டையைத் திருப்பித் தராதவர்களும் நீங்கள்தானே, உங்களுக்கு நாங்கள் ஏன் உதவ வேண்டும் என்று அந்த மக்கள் கேட்கிறார்கள். நிருபர் சாகாயும் புகைப்படக்காரர் ஜுன்கோவும் பேராசிரியரும் தலைகுனிந்து நிற்கிறார்கள். எங்கள் தப்புதான் என்று ஒப்புக்கொண்டுதான் அவர்கள் கெஞ்சுகிறார்கள். பலியானவன் இப்படிக் கூனிக்குறுகி நிற்க மாட்டான். தெற்குக் கடல் தீவுகளை ஆண்ட நாட்டைச் சேர்ந்த ஒரு முன்னாள் சிப்பாய் இந்தக் காட்சியை எடுத்திருக்கிறார் என்பதை மறந்துவிட வேண்டாம்.

1963 டிசம்பரில் வந்த ‘அத்ராகன்’ படத்தை ராணுவப் பெருமை பேசுவதாகப் பலர் எழுதியிருக்கிறார்கள். போர் முடிந்ததை ஏற்காத ஜிங்குஜி என்ற கடற்படை அதிகாரி ஒளிந்திருந்து, ஜப்பானியப் பேரரசை மீட்க ஒரு பறக்கும் நீர்மூழ்கிக் கப்பலைக் கட்டுகிறான். உலகைக் காக்க அதைக் கொடு என்றால் மறுக்கிறான். இருபது வருடம் கழித்து அவனைக் காணும் சொந்த மகளே, இப்படிப்பட்ட அப்பா எனக்கு வேண்டாம் என்று அழுதுகொண்டே ஓடிவிடுகிறாள். உங்கள் தேசபக்தி துருப்பிடித்த கவசம் என்று இன்னொரு இளைஞன் முகத்துக்கு நேரே சொல்கிறான். அந்தக் கவசத்தைக் கழற்றிய பிறகுதான் கப்பல் புறப்படுகிறது. கப்பல் கம்பீரமாக இருப்பதை மட்டும் பார்த்துவிட்டு எழுதுபவர்கள் அந்த மகளின் அழுகையை எங்கே விட்டார்கள்?

ஹோண்டா படங்களிலேயே அதிகம் தூற்றப்படுவது 1969இல் வந்த ‘எல்லா மிருகங்களும் தாக்குகின்றன’. பட்ஜெட் சுருங்கிப்போய், பழைய படங்களின் சண்டைகளை வெட்டி ஒட்டிய 69 நிமிடப் படம். அந்த ஒட்டுவேலையை நானும் ரசிக்கவில்லை. ஆனால் மிச்சத்தைப் பாருங்கள். கவாசாகியின் தொழிற்சாலைப் புகைக்கு நடுவே, கழுத்தில் வீட்டுச் சாவி தொங்க நடந்துவரும் சிறுவன் இச்சிரோ. அப்பா ரயில் ஓட்டுகிறார், அம்மாவும் வேலைக்குப் போய்விட்டு இரவில்தான் வருவாள். மேலே லாரிகள் இரைந்து போகும் சாலை, கைவிடப்பட்ட பாழடைந்த கட்டடம், தெருவில் மிரட்டும் பெரிய பையன்கள். அவனுடைய மிருகங்கள் கனவில் மட்டுமே இருக்கின்றன. ஜப்பானின் பொருளாதார அதிசயத்துக்கு யார் விலை கொடுத்தார்கள் என்று கேட்டால், பொருளாதாரக் கட்டுரைகளைவிட இந்தப் படத்தை நான் காட்டுவேன். குழந்தைகளுக்காக எடுத்த படம்தான். குழந்தைகளைக் கேவலமாக நினைக்காத ஒருவர் எடுத்த படம்.

குரோசவா நிழலுக்கு வருகிறேன். இருவரும் கஜிரோ யமமோத்தோவிடம் ஒன்றாகத் தொழில் கற்றவர்கள். ஒருவரை ராணுவம் விட்டுவைத்தது, மற்றவரைத் திரும்பத் திரும்ப அழைத்துக்கொண்டது. ஹோண்டாவின் முதல் கதைப்படம் நாற்பது வயதில்தான் வந்தது என்றால் காரணம் அதுதான், திறமைக் குறைவு அல்ல. 1949இல் குரோசவாவின் ‘தெருநாய்’ படத்தில் ஹோண்டா முதன்மை உதவி இயக்குநர். அந்தப் படத்தில் எல்லோரும் சிலாகிக்கும் டோக்கியோ இடிபாடுகளையும் கள்ளச்சந்தைத் தெருக்களையும் பெரும்பாலும் போய் எடுத்துவந்தவர் ஹோண்டா. போருக்குப் பிந்தைய காலத்தின் வாடையைப் படம் பிடித்திருப்பதாக யாராவது பாராட்டினால் அதில் பெரும்பங்கு ஹோண்டாவுடையது என்று குரோசவாவே தன் சுயசரிதையில் எழுதியிருக்கிறார்.

அணுகுண்டைப் பற்றிக் குரோசவா ‘வாழும் உயிரின் பதிவு’ எடுத்தது 1955 நவம்பரில், ‘காட்ஸில்லா’ வந்து ஓராண்டு கழித்து. ஷிமுரா இரண்டிலும் நடித்திருக்கிறார். குரோசவாவின் படம் வசூலில் தோற்றது, இன்று பாடத்திட்டத்தில் இருக்கிறது. ஹோண்டாவின் படத்தை ஜப்பானில் 96 லட்சம் பேர் டிக்கெட் வாங்கிப் பார்த்தார்கள், அது பொம்மைக் கடைக்குப் போனது. நான் இரண்டையும் மதிக்கிறேன். ஆனால் இருவரில் அணுகுண்டுப் பயத்தைத் திரையில் முதலில் வைத்தவர் யார், கூடுதல் மக்களிடம் கொண்டுசேர்த்தவர் யார் என்ற கேள்விக்கு விமர்சகர்கள் இன்னும் பதில் சொல்லவில்லை. 1980இல் ‘ககெமுஷா’ தொடங்கி 1993இல் ‘மததாயோ’ வரை குரோசவாவின் கடைசி ஐந்து படங்களில் ஹோண்டா உடன் நின்றார். ‘கனவுகள்’ படத்தில் சுரங்கப்பாதை இருட்டிலிருந்து செத்த படைவீரர்கள் அணிவகுத்து வந்து தம் அதிகாரியின் முன் நிற்கும் பகுதியில் ஹோண்டாவின் போர்க்கால அனுபவம் கலந்திருப்பதாகத் திரைப்பட வரலாற்றாசிரியர்கள் எழுதியிருக்கிறார்கள். குரோசவாவுக்கு ஐம்பது வருட நண்பனின் நினைவுகள் தேவைப்பட்டன. இதைப் பையைத் தூக்கிக்கொண்டு பின்னால் போனதாக எழுதுவது அநியாயம்.

ஹோண்டா கடைசியாக இயக்கிய படம் 1975 மார்ச்சில் வந்த ‘மெக்காகாட்ஸில்லாவின் பயங்கரம்’. தொடரிலேயே மிகக் குறைவான கூட்டம் பார்த்த படம். அதில் வேற்றுக்கிரகத்தாருக்குத் தன் அறிவை விற்கும் விஞ்ஞானி மஃபுனேயாக நடித்தவர் அகிஹிகோ ஹிராதா. இருபத்தொரு ஆண்டுகளுக்கு முன் தான் கண்டுபிடித்த பயங்கர ஆயுதத்தின் குறிப்புகளை எரித்துவிட்டு, ரகசியம் தன்னோடு போகட்டும் என்று கடலடியில் உயிர்விட்ட செரிசாவாவும் அவர்தான். செரிசாவாவை உலகம் மதித்தது, மஃபுனேயைச் சக விஞ்ஞானிகள் அவமானப்படுத்தித் துரத்தினார்கள். அவமானப்பட்டவன் அறிவை என்ன செய்வான் என்று இந்தப் படம் கேட்கிறது. யுகிகோ தகாயாமா எழுதிய இந்தக் கதையில் மஃபுனேயின் மகள் கத்சுரா பாதி இயந்திரமாக்கப்பட்டவள். இயந்திர மிருகத்தை இயக்கும் கருவி அவள் உடலுக்குள்ளேயே இருக்கிறது. அவள் தன்னைத்தானே சுட்டுக்கொண்ட பிறகுதான் மிருகம் நிற்கிறது. 1954இல் ஒரு விஞ்ஞானி தன் விருப்பத்தோடு கொடுத்த விலையை 1975இல் வேறொரு விஞ்ஞானியின் மகள் கொடுக்கிறாள். வாழ்நாள் முழுதும் ஒரே கேள்வியோடு மல்லுக்கட்டிய ஒருவரால் மட்டுமே இப்படி முடிக்க முடியும்.

ஹோண்டா 1993 பிப்ரவரி 28 அன்று இறந்தார். ‘காட்ஸில்லா’வின் வெட்டப்படாத ஜப்பானியப் பிரதி அமெரிக்கத் திரையரங்குகளில் பரவலாக ஓடியது 2004இல். அவரைப் பற்றி ஆங்கிலத்தில் முழுமையான வாழ்க்கை வரலாறு வந்தது 2017இல். மூலப் பிரதிகள் இப்போது கிடைக்கின்றன. இனியும் பழைய தீர்ப்பைத் திருப்பிச் சொல்வதற்குச் சாக்கு இல்லை. எழுதுகிறவர்களும் திரையிடுகிறவர்களும் இந்தப் படங்களைப் பார்த்துவிட்டுப் பேசட்டும். எங்கே தொடங்குவது என்று கேட்பவர்களுக்கு: ‘மதாங்கோ’வில் தொடங்குங்கள், ஜப்பானிய ஒலியோடு, 89 நிமிட முழுப் பிரதியில்.